ரோட்டுக்கு அந்தாண்ட மீன்

மூன்றாம் வகுப்போடு நின்று, சொந்த உழைப்பில் ஆறு லாரி வாங்கியவன் நான். ஏரிக்குக் குறுக்கே ரோடு போட மண் கொட்டியதும் என் லாரிகள்தான். அந்த ரோட்டில் பஸ் போகும்போதெல்லாம் பக்கத்து ஆளிடம் அதைச் சொல்லாமல் இருந்ததில்லை. நேற்று என் முன் சீட்டில் மீன் கூடையோடு இரண்டு பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள்.

“மீனு கூட சொந்தத்துல கட்டக் கூடாதாம்க்கா.”

“இன்னாடி உளர்றே?”

“உளுவ மீனு வால் நுனிய வெட்டி சோதனைக்கு எடுத்துனு போச்சே ஒரு காலேஜு பொண்ணு, அது சொல்லிச்சு. ரோடு குறுக்க வந்ததுல இந்தாண்ட மீனு அந்தாண்ட போவ முடியல. உள்ளுக்குள்ளயே கூடிக் கூடி, குஞ்சுங்க நோஞ்சானா போவுதாம்.”

மூத்தவள் கூடை மேல் கிடந்த ஈரத் துணியை இழுத்து மூடினாள்.

“மீனுக்கு ரோடு தடுத்துச்சு. என்னை யாருடி தடுத்தாங்க? பெரியவள என் தம்பிக்கே கட்டிக் குடுத்தேன். பேரனுக்குக் காது கேக்கல. அதனாலதானோ இன்னாவோ.”

“சின்னவளக் கேட்டு உன் அண்ணன் வூட்ல வர்றாங்களேக்கா?”

“வரட்டும். இல்லன்னு சொல்லிடறேன்.”

பஸ் தண்ணீருக்கு நடுவே போய்க்கொண்டிருந்தது.

“நல்ல ரோடு, யார் போட்டதோ” என்றார் பக்கத்து சீட்டுக்காரர்.

நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.