கோலந்தாமிடம் மூன்றாவது கேள்வி

இந்த மாலைப்பொழுதுக்குத் தலைமையேற்று, நடுநாற்காலியில் நிறைந்து வீற்றிருக்கும் மருத்துவச்சி ஜெய்ரான் அம்மையார் அவர்களே! இந்த அரங்கில் பாதிப் பேரை முதன்முதலில் தலைகீழாகப் பிடித்து அழவைத்த பெருமைக்குரியவரே! கணவரைக் கடலுக்கு அனுப்பிவிட்டுக் கரைக்குக் காவலிருக்கும் புஷேர்த் துறைமுகத்துத் தாய்மார்களே! இறால் கொட்டகையிலிருந்து ஈரக்கை காயாமல் ஓடோடி வந்திருக்கும் என் உடன்பிறப்புகளே! பெண்களுக்கு மட்டுமான கச்சேரி என்று வாசலில் எழுதிப் போட்டுவிட்டதால், சுவருக்கு அந்தப் பக்கம் காதை ஒட்டவைத்துக்கொண்டு நிற்கும் மானமுள்ள ஆண்மக்களே! அனைவருக்கும் அடியாள் தூபாவின் சலாம். ஆண்மக்களுக்கு மட்டும் ஒரு தகவல்: அந்தச் சுவருக்கு இன்று மதியம்தான் வெள்ளையடித்தார்கள். அப்புறம் உங்கள் பாடு.

என்ன அக்கா? சுருக்கமாகப் பேச வேண்டுமா? சுருக்கமாகப் பேசத் தெரிந்தவள் என்றால் என்னை எதற்கு மேடையேற்றப் போகிறார்கள்?

முன்வரிசையில் பச்சை முக்காடு போட்டுக்கொண்டு, நான் பேசுவது காதிலேயே விழாததுபோல மேற்கூரையை ரசித்துக்கொண்டிருக்கிறாளே, அவள்தான் கோலந்தாம் தய்யேரி. உலகத்தையே ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு ஊர் திரும்பியிருக்கிறாள். அவள் பாடுவாள் என்று நீங்கள் வந்திருக்கிறீர்கள். பாடவே மாட்டேன் என்று அவள் வந்திருக்கிறாள்!

வாசலில் தலைவர் அம்மையார் கேட்டார். மறுத்தாள். தேநீர் வேளையில் நான் கேட்டேன். மறுத்தாள். இரண்டு மறுப்புக்கு நம் ஊரில் என்ன பொருள்? ஒரு பொருளும் இல்லை! முதல் உபசாரத்திலேயே தேநீரை வாங்கிக் குடித்த விருந்தாளி உண்டா? இரண்டோடு உபசரிப்பை நிறுத்திய வீட்டில் எவராவது பெண் கொடுத்ததுண்டா? மூன்றாவது கேள்விதான் கேள்வி. மூன்றாவது பதில்தான் பதில். அந்த மூன்றாவது கேள்வியைக் கேட்கத்தான் நான் இங்கே நிற்கிறேன். அதற்கும் மறுத்துவிட்டால் நான்காவது என்று ஒன்று கிடையாது. நீங்களும் நானும் வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

கோலந்தாமுக்கு நான் பின்பாட்டுக்காரி. அவளுடைய மறுப்பில் எது உபசாரம், எது உண்மை என்று எனக்குத் தெரியும். "நான் உங்க காலடி மண்ணு, என் குரலெல்லாம் ஒரு குரலா" என்று அவள் நெளிந்தால் அது உபசாரம். ஆனால் இன்று தேநீர்க் கோப்பையை வைத்துவிட்டு, "முடியாது தூபா" என்றாள். காலடியும் இல்லை, மண்ணும் இல்லை. அது உபசாரம் இல்லை, உண்மை மறுப்பு, தாய்மார்களே!

இவள் வளர்ந்தது எங்கே? நம் இறால் கொட்டகையில். வாய் பாடும், கை இறால் உரிக்கும். மேஸ்திரி ஒருநாள் வந்தான். "பாட்டை நிறுத்துங்கடி! இது கொட்டகையா, கல்யாண வீடா?" என்று கத்தினான். நிறுத்தினாள். இவள் வாய் நின்றதும் எல்லோருடைய கையும் நின்றது. மாலையில் பார்த்தால் மலைபோல இறால் கிடந்து நாறுகிறது. மறுநாள் மேஸ்திரியே தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தான். "ஒரு பாட்டுப் பாடும்மா." "ஐயோ, எனக்கு என்ன தெரியும்?" "தயவுபண்ணும்மா." "பெரியவங்க முன்னாடி நான் பாடுறதா?" "தாயே, இறால் நாறுது, பாடித் தொலை!" மூன்று முறை கேட்டான், பாடினாள். அதுதான் முதல் கச்சேரி.

பிறகு தெஹ்ரானுக்குப் போனாள். அங்கே ஒரு பெரிய வாத்தியாரம்மா மூக்கைச் சுளித்தார். "பொண்ணே, உன் தொண்டையில உப்பு இருக்கு." இவள் சும்மா விடுவாளா? "உப்பில்லாப் பண்டம் குப்பையிலேம்மா" என்றாள். வாத்தியாரம்மா விழுந்து விழுந்து சிரித்து, அன்றே சிஷ்யையாகச் சேர்த்துக்கொண்டார். திட்டுவதை மட்டும் கடைசிவரை நிறுத்தவில்லை.

அதற்கப்புறம் வெளிநாட்டுக்காரர்கள் வந்தார்கள். நீங்கள் பாடுவது உலக இசை என்றார்கள். உலக இசையாம்! புஷேரில் பாடினால் பாட்டு, விமானம் ஏறிப் பாடினால் உலக இசையாம்! அப்படியானால் இதுவரை புஷேர் எங்கே இருந்தது? செவ்வாய்க் கிரகத்திலா?

பிரான்சில் ஒரு விழா. நானும் பின்பாட்டுக்குப் போயிருந்தேன். பாடி முடித்துத் திரைக்குப் பின்னால் வந்தோம். கூட்டம் கைதட்டுகிறது, தரையை உதைக்கிறது. விழாக்காரர் எத்தியேன் என்று ஒரு தங்கமான மனிதர் ஓடிவந்தார். "அம்மா, இன்னும் ஒரு பாட்டு?" கோலந்தாம் தலையைக் குனிந்து, "ஐயோ, நான் யாருங்க, என் பாட்டெல்லாம்…" என்று இழுத்தாள். அந்த மனிதர் என்ன செய்தார் தெரியுமா? "சரிம்மா, உங்க விருப்பம்" என்று சொல்லிவிட்டு அரங்க விளக்கைப் போடச் சொல்லிவிட்டார்! சிரிக்காதீர்கள், தாய்மார்களே, அவரைப் பெற்றவள் அப்படி வளர்த்துவிட்டாள்!

இவள் அந்த இடத்தை விட்டு அசையவில்லை. "இன்னொரு தடவை கேப்பாருடி" என்கிறாள். அவர் கேட்கவில்லை. இவள் கண்ணில் நீர் தளும்புகிறது. நான் எத்தியேனின் சட்டையைப் பிடித்து, "கேளுங்க! மறுபடி கேளுங்க!" என்றேன். "அவங்கதான் மாட்டேன்னுட்டாங்களே?" "அவ எங்கய்யா மாட்டேன்னா? இன்னும் சொல்லவே ஆரம்பிக்கலையே!" பாவம், பேய்முழி முழித்தார். ஆனாலும் கேட்டார், இன்னொரு முறையும் கேட்டார். அதற்குள் கூட்டம், வரும்போது கழற்றிக் கொடுத்த குளிர்ச்சட்டையைத் திரும்ப வாங்க வெளிக்கூடத்தில் வரிசையில் நிற்கிறது. கோலந்தாம் நேரே அங்கே போனாள். ஒலிபெருக்கி இல்லை, விளக்கு இல்லை. நம் இறால் பாட்டைப் பாடினாள். ஒரு கையைச் சட்டையில் நுழைத்தவர் மறு கையை நுழைக்க மறந்தார்! அந்தக் கூடத்திலிருந்துதான் அவள் பெயர் ஊர் ஊராகப் போனது.

அப்படிப் பாடியவள் இங்கே ஏன் மறுக்கிறாள்? தேநீர் வேளையில் சொன்னாள். கோவிக்காதே கோலந்தாம், நான் போட்டு உடைக்கிறேன். "தூபா, அங்க நான் ஒரு இடம் தப்பினா அதையும் அழகுன்னு கைதட்டுவாங்க. இங்க மீன்காரிகூட 'அந்த இடம் அப்படியில்லடி'ம்பா. போன வருஷம் ஆஸ்பத்திரியில தொண்டையில கத்தி வெச்ச பிறகு மேல்சுருதி வரல. இல்லாத குரல இவங்ககிட்ட எப்படிக் காட்டுறது?"

பார்த்தீர்களா? உலகம் சுற்றியவளுக்கு உலகத்தைக் கண்டு பயமில்லை. நம்மைக் கண்டு பயம்! எனக்கு அதைக் கேட்டு அழுகையும் வந்தது, நாலு அறை அறையலாமா என்றும் வந்தது.

என்ன மர்ஜான் அக்கா? மீன்கூடையோடு எழுந்துவிட்டீர்களே? என்ன சொல்கிறீர்கள்? "மேல வரலைன்னா கீழயே பாடச் சொல்லுடி! மேல நாங்க எடுத்துக்கறோம்!"

கேட்டாயா கோலந்தாம்? கொட்டகையில் உனக்குத் தும்மல் வந்தபோது உன் அடியை முடித்தது யார்? இருமல் வந்தபோது ஏந்திக்கொண்டது யார்? இந்த ஊரில் எந்தப் பாட்டை ஒருத்தி தனியாகத் தூக்கியிருக்கிறாள்?

ஆனாலும், தாய்மார்களே, அந்த மூன்றாவது கேள்வியை நான் கேட்கப் போவதில்லை. ஆம்! உபசாரம் அவளுக்கு மட்டும்தான் தெரியுமா? கோலந்தாம், நீ களைத்து வந்திருக்கிறாய். நீ பாட வேண்டாம்! எங்கள் காதெல்லாம் ஒரு காதா?

அசையவில்லை. கூரையைத்தான் பார்க்கிறாள். எல்லோரும் என்னோடு சொல்லுங்கள்: வேண்டாம், நீ பாட வேண்டாம்! இறால் நாறும் கைகள் தட்டினால் உனக்குத்தான் கௌரவக் குறைவு!

இதோ முக்காட்டைச் சரிசெய்கிறாள். மூன்றாவது முறை, சுவரே அதிரட்டும்: வேண்டாம் கோலந்தாம், நீ பாடவே வேண்டாம்!

எழுந்துவிட்டாள்! என்னடி சொல்கிறாய்? உரக்கச் சொல், எல்லோரும் கேட்கட்டும்!

"என் ஊர்ல என்னைப் பாட வேண்டாம்னு சொல்ல நீ யாருடி? தள்ளு அந்தப் பக்கம்! மர்ஜான் அக்கா, மேல்சுருதி உங்க பொறுப்பு. விட்டீங்க, கூடையோட தூக்கிக் கடல்ல போட்டுருவேன்!"

தள்ளிவிட்டேன், தாயே, தள்ளிவிட்டேன்! தலைவர் அம்மையாருக்கும், தேநீர் தந்த தங்கைகளுக்கும், மூன்று முறை மறுத்து உதவிய உங்கள் அனைவருக்கும் என் நெஞ்சு நிறைந்த நன்றி. சுவருக்கு அப்பால் நிற்கும் ஆண்மக்களே, உங்களுக்கும் நன்றி. நீங்கள் வரவே இல்லை என்றுதான் நாங்களும் சொல்வோம். நாளைக் காலையில் கடைத்தெருவில் எவர் காது வெள்ளையாக இருக்கிறது என்று மட்டும் பார்த்துக்கொள்கிறோம். சலாம்!