இழுத்துப் பார்க்காத கதவு

தேநீரைக் கால்சட்டையில் கொட்டிக்கொண்டவன் முதலில் செய்யவேண்டியது அதைக் கழுவுவதல்ல ஐயா, கையிலிருக்கும் வேலையை முடிப்பது. தலை நரைக்கும்வரை லிப்ட் பழுது பார்த்தவன் நான். புதிதாக வருகிறவர்களுக்கு இந்தப் பாடத்தைச் சொல்லிக்கொடுத்ததும் நான்தான். உபதேசம் ஊருக்குத்தானே.

அன்று ஐந்தாவது மாடியில் லிப்ட் கதவைச் சாவி போட்டுத் திறந்து வைத்திருந்தேன். லிப்ட் பெட்டி கீழ்த்தளத்தில் நின்றது. கதவுக்குப் பின்னால் வெறும் குழி. முழங்கை பட்டு டம்ளர் கவிழ்ந்தது. சூடு பொறுக்கவில்லை. கதவைத் தள்ளிச் சாத்திவிட்டுக் குழாயடிக்கு ஓடினேன். சாத்தியபின் ஒருமுறை இழுத்துப் பார்ப்பது எங்கள் தொழிலில் கட்டாயம். பூட்டு விழுந்ததா என்பது கைக்குத்தான் தெரியும். நான் இழுத்துப் பார்க்கவில்லை.

அந்த நேரம் பார்த்து என் மச்சினன், மனைவியின் தம்பி, நான் வீட்டில் மறந்துவிட்டு வந்த மூக்குக்கண்ணாடியோடு படியேறி வந்தான். மூச்சு வாங்கியது. அந்தக் கதவில் சாய்ந்தான்.

கதவு பூட்டியிருந்தது. கண்ணாடியை என்னிடம் கொடுத்துவிட்டு, ஈரக் கால்சட்டையைப் பார்த்து, "என்ன மாமா, இந்த வயசுலயா?" என்று சிரித்தான்.

கதவு பூட்டியிருக்கவில்லை. குழிக்குள் விழுந்தான். அவனுக்குப் பக்கத்தில் என் கண்ணாடி ஒரு கீறல்கூட இல்லாமல் கிடந்தது.

இரண்டும் நடந்தது. உங்களுக்கு நான் விளக்கவேண்டியதில்லை. எப்படி முடிந்ததென்று நிச்சயமில்லாத காரியத்துக்கு நம் ஊரில் இரண்டு முடிவும் சேர்ந்தே நிற்கும். கடைசியாக யார் கை பட்டதோ, அவன் இந்தப் பதிவு அலுவலகத்தில் உங்கள் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து வாயால் சொல்லவேண்டும். சொன்னது நிலைக்கும், மற்றது போய்விடும். பெரும்பாலும் அற்ப விஷயங்கள்தான். எதிர்வீட்டுத் தையல்காரர், ஒரே துணியை வெட்டியும் வெட்டாமலும் வைத்துக்கொண்டு வெகுநாள் முழித்தார்.

எங்கள் வீட்டுச் சுவரில் செத்துப்போன மச்சினனின் படம் தொங்கியது. அந்தப் படத்தின் கண்ணாடியில் முகம் பார்த்து உயிரோடிருந்த மச்சினன் தலை வாரிக்கொண்டான். "படத்துல இருக்கறவன் கொஞ்சம் அழகு, இல்ல மாமா?" என்றான்.

என் மனைவியும் இரண்டாக இருந்தாள். முன்னறையில், தம்பியை இழந்தவள் என் தோளில் சாய்ந்து அழுதாள். கல்யாணமான நாளிலிருந்து அவள் அப்படிச் சாய்ந்ததில்லை. உள்ளறையில், தம்பி பிழைத்தவள் ஒரு பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டிருந்தாள். ஒருத்தியையே சமாளிக்கத் தெரியாதவனுக்கு இரண்டு பேர்.

"எங்க கிளம்புற?"

"எங்கயும் இல்ல."

"என்மேல கோபமா?"

"ஒண்ணுமில்ல."

அவள் பதில் என்றைக்கும் அதுதான். நான் சிரிக்கவைக்கப் பார்ப்பேன். அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். நேரான பதில் என்ற விருந்தாளி எங்கள் வீட்டுப் படியேறியதே இல்லை.

ஒருநாள் கதவிடுக்கில் பார்த்தேன். மச்சினன் பெட்டிமேல் குனிந்திருந்தான். கை நிறைய அவளுடைய துணிகள். அக்காவும் தம்பியும் குசுகுசுவென்று பேசினார்கள். 'மாமா' என்ற சொல் காதில் விழுந்தது. இரண்டும் இரண்டும் நாலு என்று எனக்குத் தெரியாதா? அக்காவை அழைத்துப்போகத் தம்பி தயாராகிவிட்டான். எத்தனை அடுக்கியும் அந்தப் பெட்டி நிறையவில்லைதான். இரட்டையான வீட்டில் பொருள்கள் அப்படித்தான் இருக்கும் என்று விட்டுவிட்டேன்.

பூட்டு விழுந்ததா என்பது எனக்குத் தெரியுமா என்று கேட்டீர்கள். முதலில் தெரியாது. பிறகு ஒரு காலை, பல் தேய்க்கும்போது நினைவு வந்தது. குழாயடிக்கு ஓடுகையில் முதுகுக்குப் பின்னால் 'டக்' என்று கேட்டது. அந்தச் சத்தத்தைத் தூக்கத்திலும் அடையாளம் சொல்வேன். பூட்டு விழுந்த சத்தம் அது. ஆனால் தெரிந்தால் மட்டும் போதாது, சொல்லவேண்டும்.

முதல்முறை இங்கே சொல்ல வந்தபோது மச்சினனும் கூட வந்தான். எனக்குத் துணைக்காம். "பயப்படாதீங்க மாமா. நடந்ததைச் சொல்லுங்க, நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன்" என்றான். வெளியே பெஞ்சில் உட்கார்ந்து ஆரஞ்சு உரித்தான். பாதியை எனக்கென்று கைக்குட்டையில் எடுத்து வைத்தான்.

நான் உள்ளே வந்து, "பூட்டவில்லை" என்று சொன்னேன். குரல் நடுங்கவில்லை. நீங்கள்தான் மனமிரங்கித் தண்ணீர் கொடுத்தீர்கள்.

வெளியே பெஞ்ச் காலி. கைக்குட்டை இல்லை, ஒரு துண்டுத் தோல்கூட இல்லை. எனக்கான பாதியைக் கொஞ்சநேரம் தேடினேன். கிடைத்திருந்தால் தின்றிருக்கமாட்டேன் என்று சொல்ல ஆசைதான்.

ஆக, ஐந்தாவது மாடியில் அவன் சாகவில்லை ஐயா. இதே நாற்காலியில் நான் உட்கார்ந்திருந்தபோது, என் ஒரே சொல்லில் செத்தான். உயிரோடிருந்தவன், இந்தச் சுவருக்கு அந்தப்பக்கம். நிலைத்துவிட்டதை மாற்றமுடியாது என்று தெரியும். மாற்றக் கேட்டு வரவில்லை.

அதற்குப்பின் வீட்டில் ஒரே மனைவி, ஒரே அறையில் அழுகை. என் தோளுக்கும் ஒரு வேலை கிடைத்தது. நிம்மதியாக இருந்தேன் என்றால் நம்புவீர்களா? அந்தத் தைரியத்தில்தான் இன்று காலை, பெருந்தன்மையாக, அவளைக் கேட்டேன்.

"அவன் இருந்திருந்தா என்னை விட்டுட்டுப் போயிருப்ப, இல்ல?"

அவள் முதல்முறையாக முகத்தைத் திருப்பிக்கொள்ளாமல் என்னைப் பார்த்தாள்.

"வருஷக்கணக்கா நான் பெட்டியை அடுக்கறதும் அவன் வந்து எடுத்து எடுத்து வெளிய வைக்கறதுமாத்தான் ஓடிச்சு. 'மாமா பாவம்க்கா, நல்ல மனுஷன்க்கா'ன்னு கெஞ்சுவான். இனிமே எடுத்து வைக்க ஆளில்ல. நான் கிளம்பறேன்."