இரண்டாவது தென்னைக்குக் கீழே

டும். குடாவுக்கு அப்பால் பீரங்கிச் செல் எழும்பும் சத்தம். ஒன்று. இரண்டு. எட்டு எண்ணுவதற்குள் விழும். "படுங்கோ! படுங்கோ!" யாரோ கத்துகிறார்கள். ஞாயிற்றுக்கிழமை. காலை ஆறரை. அம்மாவும் தங்கச்சி வசந்தியும் உழவு இயந்திரப் பெட்டியில் ஏறிப் போய்விட்டார்கள். நானும் அப்பாவும் மாடுகளை அவிழ்த்துவிட நின்றோம். ஏழு எண்ணினேன். எட்டு எண்ணவில்லை.

நான் எழும்பினேன். அப்பா எழும்பவில்லை.

கிணற்றிலிருந்து இரண்டாவது தென்னை. அதன் கீழ் புதைத்தேன். முழங்கால் ஆழம். அதற்கு மேல் வெட்ட நின்றால் நானும் அதற்குள்தான். மண்வெட்டியை எறிந்துவிட்டு ஓடினேன்.

அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. எட்டாம் வகுப்போடு நின்றவன். லொறியில் ஊர் ஊராகத் திரிந்தவன். அந்த வாரம்தான் வீட்டுக்கு வந்திருந்தேன்.

அகதி முகாமில் அம்மா கேட்டார். "அப்பா எங்கயடா?"

"பின்னால வாறார்."

அதுதான் நான் சொன்ன பொய். மறுநாள் பெயர் பதிய வந்தார்கள். அம்மா பக்கத்திலேயே நின்றார். அப்பாவைக் காணாமற்போனவர் என்று எழுதினார்கள். நான் கையெழுத்து வைத்தேன். அம்மா தினமும் காலையில் கைக்கண்ணாடி பார்த்துப் பொட்டு வைத்தார். அதைப் பார்க்க முடியாமல் மறுபடி லொறி ஏறினேன். புத்தளத்து உப்பு. தம்புள்ளை மரக்கறி.

ஊர் பன்னிரண்டு வருடம் ஆமியின் முட்கம்பிக்குள் கிடந்தது. திறந்து நாங்கள் போவதற்குள் எங்கள் காணியை வேறு ஆளுக்குக் கொடுத்திருந்தார்கள், அதில் வேறு வீடும் நின்றது.

அது வசந்திக்குச் சீதனமாகச் சொன்ன காணி. எங்கள் பக்கத்தில் காணி பெண்பிள்ளைக்குத்தான். அப்பா வாயால் சொன்னதோடு சரி. அரசாங்கம் கொடுத்த காணி பெர்மிட் அவர் பெயரிலேயே இருந்தது. வசந்தி இரண்டு பிள்ளைகளோடு தகரக் கொட்டிலில் வாடகைக்கு இருக்கிறாள்.

போன மாசி. செவ்வாய்க்கிழமை. நகரத்தில் அரசாங்கத்தின் காணிக் கந்தோர். ஜன்னலுக்கு வெளியே துறைமுகம். கப்பல் ஒன்று இரண்டு தரம் ஊதுகிறது. அம்மா, வசந்தி, நான். எதிர்க் கதிரையில் குணம் அண்ணை. இப்போது காணியில் இருப்பவர். நிலாவெளியில் வீடிழந்து வந்தவர்.

உத்தியோகத்தர் கோவையைப் புரட்டுகிறார். "குடியிருக்கேல்லை எண்டு பெர்மிட் ரத்தானது. அறிவித்தல் காணியிலயே ஒட்டினது."

"கம்பிக்குள்ள ஆர் ஐயா போய் வாசிக்கிறது? மாடோ?" என்றாள் வசந்தி.

"தங்கச்சி, ஒட்டேக்க உங்கட அப்பா உயிரோட இல்லை எண்டால், செத்த ஆளுக்கு ஒட்டின அறிவித்தல் எண்டு அந்த ரத்துச் செல்லாது. காணி உங்களுக்கு வரும். ஆனா இவர் காணாமல் போனவர் எல்லோ? நாளைக்கு வந்து, என்ர காணி எங்க எண்டு கேட்டால்?"

அம்மாவைப் பார்த்தேன். வியர்வையில் பொட்டு கரைந்திருந்தது.

"வரமாட்டார். நான்தான் தாட்டனான். காணியிலதான். ரெண்டாவது தென்னைக்குக் கீழ."

அம்மா என் பக்கம் திரும்பினார்.

"எந்தப் பக்கம் தலை வச்சனீ?"

"பார்க்கேல்லை அம்மா. செல் விழுந்துகொண்டிருந்தது."

உத்தியோகத்தர் பேனையை எடுத்தார். "அப்ப நீதிமன்றத்தில கேட்டுத் தோண்டலாம். எலும்பு கிடைச்சால் போதும்."

குணம் அண்ணை எழும்பினார். "தம்பி, கக்கூசுக்குக் கிடங்கு வெட்டேக்க எலும்பு வந்தது. பொலிசுக்குச் சொன்னால் நாடா கட்டி எங்களையும் எழுப்பிப்போடுவாங்கள். உரப்பையில கட்டிக் கடலில விட்டனான். கற்பூரம் கொளுத்தித்தான் விட்டனான், சத்தியமா."

"இதை எழுதித் தருவீங்களோ?" என்று வசந்தி கேட்டாள்.

"எனக்கும் மூண்டு பிள்ளையள்." உட்கார்ந்துவிட்டார்.

"வாய்க்கதையைப் பதிய ஏலாது." உத்தியோகத்தர் பேனையை மூடினார்.

அம்மா சேலைத் தலைப்பால் நெற்றியைத் துடைத்தார். அழவில்லை. பஸ்ஸில் என்னோடு கதைக்கவில்லை. இன்றுவரை கதைக்கவில்லை.

எழுதி வைக்கிறேன். போனவை: மேட்டுக்காணி ஒரு ஏக்கர். கிணறு ஒன்று. தென்னை பதினாறு. மாடு நான்கு, ஒன்று சினை. ஒரு அறை, குசினி. போனவர்: நல்லதம்பி, என் அப்பா, வயது ஐம்பத்திரண்டு. குழி இல்லை. எலும்பு இல்லை. பதிவேட்டில் இன்னும் காணாமற்போனவர்.

அம்மா பொட்டு வைப்பதில்லை.