கற்பூரம் அணைத்த கை

வெங்காய வியாபாரத்தில் காசோலை திரும்புவது பெரிய புதினமல்ல. கொழும்புக்காரன் பணம் அனுப்பப் பிந்தினால் யாழ்ப்பாணத்தில் நாங்கள் எழுதிய காசோலை திரும்பத்தான் செய்யும். நல்ல மனிதர்கள் பொறுத்துக்கொள்வார்கள். எனக்கு வெங்காயம் விற்ற இணுவில் தில்லைநாதன் பொறுக்கவில்லை. திரும்பிய காசோலையைத் திருநெல்வேலிச் சந்தையில் நாலு பேருக்கு விரித்துக் காட்டிவிட்டு, நேரே போய் வழக்கும் போட்டான். அதை நினைத்தால் இப்போதும் எனக்கு உடம்பு கொதிக்கிறது, இன்ஸ்பெக்டர் ஐயா.

கொழும்புப் பணம் பிறகு வந்தது. ஆனால் சந்தையில் என் மானத்தை வாங்கியவனுக்கு ஒரு சதமும் கொடுப்பதில்லை என்று முடிவெடுத்தேன். கையில் காசாகக் கொடுத்துவிட்டேன், நம்பிக்கையில் காசோலையைத் திருப்பி வாங்காமல் விட்டேன் என்று வழக்குக்கு மறுமொழி போட்டேன். எனக்காக வழக்காடிய அப்புக்காத்து அதை அழகாக எடுத்துச் சொன்னார். தோற்கப்போவது தெரிந்ததும் தில்லைநாதன் எழும்பினான்.

"ஐயா, உவர் தன்ரை பிள்ளையின்ரை தலையிலை கையை வைச்சு, கந்தசாமி கோயிலிலை கற்பூரம் அணைச்சுச் சத்தியம் பண்ணட்டும். நான் வழக்கை விடுறன்."

சட்டத்தில் அதற்கு இடமுண்டு. நீதிமன்றம் நிறைய ஆட்கள். நான் எப்படி மறுப்பது? ஓம் என்றேன்.

எனக்கு இரண்டு பிள்ளைகள். மகன் மருத்துவப் படிப்புக்கு எடுபட்டிருந்தான். இளையவள் கமலாவதிக்குச் சின்ன வயதிலிருந்தே வலிப்பு. அவளைப் பெண் கேட்டு ஒருவரும் வந்ததில்லை. அவளைத்தான் கூட்டிப்போனேன். நான் காசு கொடுக்கவில்லை என்பது அவளுக்குத் தெரியும். அவளுடைய தலையில் ஒரு கையை வைத்தேன். மற்றக் கையால் எரிந்த கற்பூரத்தை அணைத்தேன். வழக்குத் தள்ளுபடியானது.

அத்தோடு அவன் போயிருக்கலாம். கோயில் வாசலில் நின்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னான்.

"ஒரு மண்டலம் பொறுத்துப் பாப்பம். பொய்யெண்டால் பிள்ளையிலை தெரியும்."

அந்த வாய்தான் என் மகளைக் கொன்றது.

மண்டலம் முடியுமுன் அவளுக்குக் காய்ச்சல் கண்டது. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனால் பின்னேரமே சந்தை முழுக்கக் கதை பரவியிருக்கும். வழக்கில் வென்ற என்னைக் கள்ளன் என்பார்கள். தில்லைநாதன் சிரிப்பான். அந்தச் சிரிப்பை என்னால் தாங்க முடியாது. மகள் உடுப்பிட்டியில் பெரியம்மா வீட்டுக்குப் போய்விட்டாள் என்று அயலுக்குச் சொல்லிவிட்டு அறையைப் பூட்டினேன்.

என் மனைவி இரத்தினம்மா காலில் விழுந்தாள். "இஞ்சாருங்கோ, பிள்ளை அனுங்குது. டாக்குத்தரிட்டைக் கொண்டு போவம்."

பூட்டின் திறப்பை நான் கொடுக்கவில்லை. தண்ணீர் மட்டும் நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். கமலாவதி என்னை ஒரு சொல்லும் குறையாகச் சொல்லவில்லை. "ஐயா, அண்ணைக்கு ஒண்டும் வராதுதானே?" என்று கேட்டாள். வராது என்றேன். அடுத்த நாள் விடியும்போது அவளுக்கு மூச்சு இல்லை.

மருந்து கொடுத்திருந்தால் பிழைத்திருப்பாள் என்று உங்கள் டாக்குத்தர் சொல்வது சரி. பூட்டியது நான்தான். எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் சாமி குற்றம் என்று மட்டும் எழுதாதீர்கள். அந்த மூடக்கதைகளை நான் ஒருநாளும் நம்பியவனல்ல. சத்தியத்துக்கு முதல் நாள் மகனைக் கொழும்புக்கு ரயிலேற்றி விட்டதுகூடச் சும்மா ஒரு பாதுகாப்புக்குத்தான்.