ஹவெல் நீட்டிய கை

தலைமை ஏற்றிருக்கும் சுரங்கத் தொழிலாளர் மன்றத் தலைவர் அவர்களே, அவருக்குப் பக்கத்தில் அமர்ந்திருக்கும் செயலாளர் க்ளிஃப் பெவன் அவர்களே, காலையில் அடக்க ஆராதனை நடத்திக் கொடுத்த போதகர் அவர்களே, முன்வரிசையில் இருக்கும் ஹவெலின் அக்காள் மெனா அவர்களே, இந்த மழையிலும் மேடேறி வந்திருக்கும் கும்டெர்வென் மக்களே, உங்கள் எல்லோருக்கும் இட்வல் பியூவின் வணக்கம்.

எனக்கு முன்னால் பேசியவர்கள் தாளைப் பார்த்து அழகாகப் பேசினார்கள். எனக்கு எழுத்து வராது. எண் வரும். சுரங்கம் மூடிய பிறகு இந்த மன்றத்தின் ஸ்நூக்கர் அறையில் புள்ளிப் பலகை பார்த்தவன் நான். அதனால் மனத்தில் இருக்கிறபடியே சொல்கிறேன். முன்பின்னாக வந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். இன்னொன்றையும் பொறுத்துக்கொள்ள வேண்டும். வேல்ஸ் நாட்டின் முன்னாள் அமெச்சூர் சாம்பியன், தொழில்முறை ஆட்டக்காரர், திரு. ஹவெல் ப்ரதரோ அவர்கள் என்று ஒருமுறை முறையாகச் சொல்லிவிட்டேன். இனிமேல் அவனை அவன் என்றுதான் சொல்லப்போகிறேன். வேறு மாதிரி சொன்னால் யாரையோ பற்றிப் பேசுவது போல இருக்கிறது.

அவன் ஜெயித்ததைப் பற்றி இங்கே நிறையச் சொன்னார்கள். இருபது வயதில் கோப்பையோடு வந்து பாலத்தில் இறங்கியபோது பித்தளை வாத்தியக் குழு காத்து நின்றது. இறைச்சிக் கடைக்காரர் கடையை அடைத்துவிட்டு வந்தார். இருபத்தாறு வயதில், தரவரிசையில் தலைப்பக்கம் இருந்த ஒரு பெரிய ஆட்டக்காரரைத் தொலைக்காட்சியில் வைத்துத் தோற்கடித்தான். அன்றைக்கு இந்த அறையில் நின்று பார்த்தவர்கள் எத்தனையோ பேர் இன்று இந்தக் கூட்டத்தில் இருக்கிறீர்கள். உலகத் தரவரிசையில் பத்தொன்பதாம் இடம்வரை போனான். பதினாறுக்குள் வந்தால் பெரிய போட்டிகளுக்கு நேராகப் போகலாம். மூன்று படி கீழே நின்றால் முதல் சுற்றிலிருந்து முட்டி மோதி வர வேண்டும். அந்த மூன்று படியை அவன் ஏறவே இல்லை.

கீழே இறங்கியதைப் பற்றி யாரும் பேசவில்லை. இறந்தவரைப் பற்றிப் பேசும்போது அது மரியாதை அல்ல என்று நினைத்திருப்பீர்கள். ஆனால் அந்த இறக்கத்தில்தான் எனக்குத் தெரிந்த ஹவெல் இருக்கிறான்.

நான் கேட்கிறேன். ஸ்நூக்கர் ஆட்டக்காரனைப் போலத் தனியாக வேலை செய்கிறவன் யார்? பாடகர் குழுவில் தொண்டை கட்டினால் பக்கத்தில் நிற்பவன் தாங்கிப் பிடிப்பான். ரக்பியில் விழுந்தால் மேலே விழுவதற்காவது பத்துப் பேர் உண்டு. சுரங்கத்துக்குள் விளக்கு அணைந்தால்கூடப் பக்கத்தில் இருமுவதற்கு ஒருத்தன் இருப்பான். இவனுக்கு? காலையில் வந்து ஒரே ஒரு மேசைக்கு மேல் விளக்கைப் போடுவான். பந்துகளைத் தானே அடுக்குவான், தானே அடிப்பான், மேசையின் ஆறு குழிக்கும் தானே நடந்து தானே பொறுக்குவான். போட்டிக்குப் போனால் பாதி நேரம் நாற்காலியில் உட்கார்ந்திருப்பதுதான் ஆட்டம். எதிராளி தவறும்வரை எழக்கூடாது, பேசக்கூடாது. தண்ணீர் குடிக்கலாம். எதிராளி நம்மைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தோற்கடிப்பதைப் பார்த்துக்கொண்டு தண்ணீர் குடிக்கலாம். வேறு எந்தத் தொழிலில் இப்படி உண்டு?

முப்பது தாண்டியதும் சரிவு தொடங்கியது. நீளமான அடிகள் குழியின் உதட்டில் பட்டுத் திரும்பின. கண்ணாடி போட்டான், கழற்றினான். பந்தடிக்கும் கோலை மாற்றினான், பழைய கோலுக்கே திரும்பினான். மனைவி ரியன் நல்ல பெண். வீட்டில் இல்லாத ஒருவனோடு எத்தனை வருடம் இருப்பாள்? கோபமில்லாமல்தான் பிரிந்தார்கள். அதற்குப் பிறகு காரிலேயே சாப்பிடுவான், காரிலேயே உடுப்பு மாற்றுவான். ஆட்டத்துக்குப் போட வேண்டிய கழுத்து டையைக் காரின் பின்பார்வைக் கண்ணாடியில் பார்த்துக் கட்டுவான்.

இப்போது அந்த நாளுக்கு வருகிறேன். முப்பத்தொன்பது வயது. வருடக் கடைசிப் போட்டி. அதில் ஜெயித்தால் தொழில்முறைப் பட்டியலில் நீடிப்பான், தோற்றால் பெயர் போய்விடும். தகுதிச் சுற்று என்பதால் பெரிய அரங்கம் இல்லை. ஏதோ ஓர் ஊரின் விளையாட்டுக் கூடத்தில் வரிசையாக மேசை போட்டு, நடுவில் திரை தொங்கவிட்டிருந்தார்கள். ஒரு திரைக்குள் இரண்டு ஆட்டக்காரர்கள், ஒரு நடுவர். பார்க்க வேண்டுமென்றால் யாரும் வரலாம். யாரும் வருவதில்லை.

எதிரே ஒரு ஸ்காட்லாந்துப் பையன். மூன்றுக்கு மூன்று என்று நின்று, கடைசி ஃபிரேமுக்கு, அதாவது ஏழாவது ஆட்டத்துக்கு, வந்துவிட்டது. பையன் இருபத்திரண்டு புள்ளி முன்னே. மேசையில் நான்கே பந்துகள் மிச்சம்: பழுப்பு, நீலம், இளஞ்சிவப்பு, கறுப்பு. அவற்றுக்குப் புள்ளி நான்கு, ஐந்து, ஆறு, ஏழு. கூட்டிப் பாருங்கள், இருபத்திரண்டு. நான்கையும் குழியில் போட்டால் சமம். சமமானால் கறுப்பை மறுபடி வைத்து, அதைப் போடுகிறவனுக்கு ஜெயம். பையன் பழுப்பைத் தவறவிட்டான். அது குழியின் வாயில் போய் நின்றது. ஹவெல் நாற்காலியிலிருந்து எழுந்தான். கோலின் நுனியில் சாக்கட்டி தடவினான். பிறகு கோலை இடது கைக்கு மாற்றிக்கொண்டு, வலது கையை நீட்டினான்.

இந்த ஆட்டத்தில் அதற்கு ஒரே அர்த்தம்தான். விட்டுக்கொடுத்துவிட்டேன், நீ ஜெயித்தாய். அந்தப் பையன் திகைத்து, "ஐயா, கணக்கு இன்னும் இருக்குங்களே" என்றானாம். ஆனால் பெரியவர் நீட்டிய கையை எப்படி விடுவது? பிடித்துவிட்டான். பிடித்தால் முடிந்தது. நடுவர்கூட ஒன்றும் செய்ய முடியாது.

பத்தொன்பது வருடத் தொழில் அப்படிப் போனது.

செய்தி அவனுக்கு முன்னால் ஊருக்கு வந்துவிட்டது. கணக்குத் தெரியாமல் கை கொடுத்தவன். இங்கே மேடையில் இருக்கும் க்ளிஃப்தான் அவனுக்கு 'இருபத்திரண்டு' என்று பெயர் வைத்தவர். அந்தப் பக்கம் திரும்பாதே க்ளிஃப், நானும் சேர்ந்துதான் சிரித்தேன். ஹவெல் உள்ளே நுழைந்தால் மதுக் கூடத்திலிருந்து குரல் வரும்.

"டேய் இருபத்திரண்டு, கையில எத்தன விரல்னு எண்ணிட்டு வந்தியாடா?"

"எண்ணிட்டேன் க்ளிஃபு. பத்தும் இருக்கு. ஒண்ணு உனக்கு வேணுமா?"

அவனும் சிரிப்பான். ரொட்டிக் கம்பெனியில் வண்டி ஓட்டப் போய்விட்டான். விடிவதற்குள் கடைகளுக்குப் போட்டுவிட்டு, மத்தியானம் சும்மா இருப்பான். கோலைத் தொடவில்லை.

எனக்கு மட்டும் ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. புள்ளிப் பலகையில் நான் தவறினால், அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும்போதே திருத்துகிறவன் அவன். அவனுக்கா கணக்குத் தெரியாது? ஒரு மத்தியானம் இந்த அறையில் இரண்டு பேர்தான் இருந்தோம். கேட்டுவிட்டேன்.

"டே ஹவெல், என்கிட்ட அந்தக் கத வேண்டாம். அன்னிக்கு என்னடா ஆச்சு?"

சின்ன வயதிலிருந்தே என்னை மாமா என்றுதான் கூப்பிடுவான். அவன் சொன்னான்.

"கணக்கு தெரியும் மாமா. பழுப்பு குழி வாயில நிக்குது. ஊதினா விழும். எழுந்து நின்னேன். பெரிய அடி அடிக்கறதுக்கு முன்னாடி எல்லாரும் ஒரு தடவ திரும்பிப் பார்ப்பாங்கல்ல, யாராவது நம்ம ஆளு இருக்கானான்னு? நானும் திரும்பினேன். திரைதான் தொங்குது."

"அதுக்குக் கையக் கொடுத்துருவியா? பைத்தியக்காரா."

"கேளு மாமா. அப்பத்தான் தோணிச்சு, அந்த வாரம் முழுக்க ஒரு மனுசக் கை என் மேல படல. ஓட்டல்ல சாவிய மேசை மேல வச்சுத் தள்ளுறாங்க. கடையில மிச்சத்தத் தட்டுல போடுறாங்க. இந்த ஆட்டத்துல ஜெயிச்சாலும் தோத்தாலும் கடைசியில ஒருத்தன் கையப் பிடிப்பான். அத இப்பவே பிடிச்சுக்கலாமேன்னு... கை தானா போயிருச்சு."

"அந்தப் பையன் கை எப்படி இருந்துச்சு?" என்று கேட்டேன். மடத்தனமான கேள்விதான்.

"சூடா இருந்துச்சு" என்றான். "நான் உயிரோட இருக்கற வரைக்கும் சொல்லாத மாமா. கணக்குத் தெரியாதவன்னு சிரிச்சுட்டுப் போகட்டும். அது பரவால்ல."

நான் சொல்லவில்லை. இன்றைக்குச் சொல்லிவிட்டேன். கும்டெர்வென் மக்களே, ஹவெல் ப்ரதரோவுக்குக் கணக்குத் தெரியும். இருபத்திரண்டு என்று தெரிந்துதான் கையை நீட்டினான்.

என்னிடம் அதைச் சொன்னதற்கு அடுத்த வாரம் அவன் செய்யத் தொடங்கியதை நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறீர்கள். ஏன் என்றுதான் உங்களுக்குத் தெரியாது. செவ்வாய்க்கிழமைதோறும் மத்தியானம் இந்த அறைக்கு வந்து உட்கார்ந்தான். தனியாக ஆட வருகிறவர் யாராக இருந்தாலும் அவருக்குப் பந்து பொறுக்கிப் போட்டான். லாரி ஓட்டும் பெத்தி மோர்கன் அப்போதுதான் கணவரை இழந்திருந்தார். கணவருடைய கோலை எடுத்துக்கொண்டு வந்து, ஆடத் தெரியாமல் மேசையைச் சுற்றிக்கொண்டிருந்தார். ஹவெல் எதுவும் சொல்லிக்கொடுக்கவில்லை. அவர் கேட்டுப் பார்த்தார்.

"இவ்ளோ பெரிய ஆட்டக்காரரு, ஒரு வார்த்த சொல்லக்கூடாதா?"

"நீ அடிம்மா. நல்லா அடிச்சா நல்லாருக்குன்னு சொல்ல ஆள் வேணும்ல, அதுக்குத்தான் நான்."

ஆடி முடித்ததும் எழுந்து போய்க் கை கொடுப்பான். எதிராளி இல்லாத ஆட்டத்துக்குக் கை கொடுப்பவனை வேறெங்கே பார்த்திருக்கிறீர்கள்? வேலை போனவர்கள் வந்தார்கள். ஓய்வு பெற்ற வாத்தியார் வந்தார். பேசப் பிடிக்காதவர்கள் வந்தார்கள். செவ்வாய்க்கிழமையில் பேச வேண்டிய அவசியம் இல்லை.

பெத்திதான் அவனை மறுபடி கோல் எடுக்க வைத்தவர். நாற்பத்தைந்து வயதில், பட்டியலில் திரும்ப இடம் பிடிக்கும் போட்டிக்குப் பெயர் கொடுத்தான். இந்த முறை நாங்கள் போனோம். பெத்தி, நான், க்ளிஃப். க்ளிஃபுக்கு நான் காரணம் சொல்லவில்லை, வா என்று மட்டும் சொன்னேன். வழியெல்லாம் முணுமுணுத்துக்கொண்டே வந்தார். ஆனாலும் வந்தார். அதே போன்ற கூடம், அதே போன்ற திரை. திரைக்குள் மூன்று பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்தோம். கடைசி ஆட்டத்தில், கடைசிக் கறுப்புக்கு முன்னால், அவன் திரும்பிப் பார்த்தான். க்ளிஃப் வாய் நிறைய சாண்ட்விச்சோடு தலையை ஆட்டினார். ஹவெல் குனிந்து போட்டான்.

மறுபடி இரண்டு வருடம் தொழில்முறை ஆட்டக்காரனாக இருந்தான். ஜெயித்தது குறைவு, தோற்றது அதிகம். பெயர் மறுபடி போனது. வாத்தியக் குழு எதுவும் பாலத்தில் நிற்கவில்லை. ரொட்டி வண்டிக்கே திரும்பினான், செவ்வாய்க்கிழமைக்கும் திரும்பினான். அவன் வாழ்க்கையின் உச்சம் எது என்று என்னைக் கேட்டால், தொலைக்காட்சியில் ஜெயித்த நாளைச் சொல்லமாட்டேன்.

அவன் தனியாக வாழ்ந்தான். அதை மறைக்க முடியாது. தனியாகத்தான் இறந்தான், சமையலறையில், கெட்டிலில் தண்ணீர் வைத்தபடி. ஆனால் அன்று செவ்வாய்க்கிழமை. இரண்டு மணிக்கு வர வேண்டியவன் இரண்டே காலுக்கும் வரவில்லை என்றதும் பெத்தி கோலை மேசைமேல் வைத்துவிட்டு ஓடிப்போய்க் கதவைத் தட்டினார். மெனா அம்மா, உன் தம்பி ஒரு மணி நேரம்கூட யாரும் தேடாமல் கிடக்கவில்லை. நம்மில் எத்தனை பேருக்கு அப்படிச் சொல்ல முடியும்?

பெரியோர்களே, நண்பர்களே, அவனுக்குப் பலகை வைக்கலாம், கோப்பைக்குப் பெயர் சூட்டலாம் என்றெல்லாம் இங்கே சொன்னார்கள். வையுங்கள். ஆனால் நாளை மறுநாள் செவ்வாய்க்கிழமை. பெத்தி இரண்டு மணிக்கு வருவதாகச் சொல்லியிருக்கிறார். அவருக்குப் பின்னால் வாத்தியார் வருவார். நான் இந்த அறையில் இருப்பேன் என்று ஹவெலின் பெயரால் உங்கள் முன்னால் வாக்குக் கொடுக்கிறேன். நல்லாருக்கு என்று சொல்ல என்னால் முடியும், முடிந்ததும் கை கொடுக்கவும் முடியும். ஆனால் எண்பத்து நாலு வயது, இடுப்பு மாற்றியிருக்கிறார்கள், குழிக்குள் குனிந்து பந்து எடுக்க முடியாது. அதற்கு இன்னொருவர் வேண்டும்.

இப்போது தேநீர் கொடுப்பார்கள். குடித்துக்கொண்டே யோசித்து, யார் வருகிறீர்கள் என்று என்னிடம் வந்து சொல்லுங்கள். நான் கதவுப் பக்கம் உட்கார்ந்திருப்பேன்.