கிராம்பு தூக்கல்

டீ போடுவதில் பலர் செய்கிற தப்பு, எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் பாத்திரத்தில் கொட்டிவிடுவது. பட்டையும் அன்னாசிப்பூவும் பச்சைத் தண்ணீரிலேயே விழ வேண்டும். கொதி வந்த பிறகு தட்டிய இஞ்சி, ஏலக்காய், கொஞ்சம் மிளகு. கிராம்பு அதற்கும் அப்புறம், அதுவும் முழுசாக. இடித்துப் போட்டால் மற்ற வாசனையையெல்லாம் அது தின்றுவிடும். அடுப்பை அணைத்த பிறகுதான் டீத்தூள். மூடி வைத்துவிட்டு வேறு வேலையைப் பார்க்க வேண்டும், திறந்து திறந்து பார்க்கக் கூடாது. பால் கிடையாது. குடியுங்கள் சார், ஆறினால் கசக்கும். சமையலறை போனதிலிருந்து கூடத்து மூலையில் இந்தக் கரண்ட் அடுப்பில்தான் எல்லாம். இருந்தாலும் ருசியில் குறை இருக்காது.

நீங்கள் விழுங்கினீர்கள். கவனித்தேன். உங்களை நன்றாக வளர்த்திருக்கிறார்கள்.

என் வீட்டுக்காரர் டீ கம்பெனியில் டேஸ்டர் என்பது உங்களுக்குத் தெரியும். அந்த வேலையை நீங்கள் நேரில் பார்த்திருக்க மாட்டீர்கள். நான் ஒரு தடவை சாப்பாட்டுக் கூடையோடு போனபோது பார்த்தேன். நீள மேசையில் வெள்ளைக் கிண்ணங்கள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றிலும் ஒரு கரண்டி எடுத்து, ஊரே கேட்கிற மாதிரி உறிஞ்சி, வாய்க்குள் ஒரு சுற்றுச் சுற்றி, பக்கத்தில் சக்கரம் வைத்து நிற்கும் தொட்டியில் துப்பிவிட்டு அடுத்த கிண்ணத்துக்குப் போவார். துப்பியதும் ஒரு வார்த்தை சொல்வார். அந்த ஒரு வார்த்தையை நாலு பேர் கைகட்டிக் கேட்பார்கள். அங்கே அது உத்தியோகம், நான் குறை சொல்லவில்லை.

வீட்டிலும் அப்படித்தான். கல்யாணமாகி வந்த மறுநாள் காலையில் நான் போட்ட முதல் டீயை உறிஞ்சினார், எழுந்து போய்க் கை கழுவும் தொட்டியில் துப்பினார். துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு, "கிராம்பு தூக்கலா இருக்கு" என்றார். புதுப்பெண் இல்லையா, நான் தலையை ஆட்டினேன். மறுநாள் கிராம்பைக் குறைத்தேன். துப்பினார், "கிராம்பு தூக்கலா இருக்கு." அதற்கும் மறுநாள் இன்னும் குறைத்தேன். என் மகள் பிறந்து, வளர்ந்து, கல்யாணமாகிப் போகும்வரை இந்தக் கதைதான். தலைகீழாக நின்றாலும் அவர் வாயிலிருந்து வேறு வார்த்தை வராது. தொட்டியில் படிகிற பழுப்புக் கறையை நான்தான் தேங்காய் நார் போட்டுத் தேய்ப்பேன். நம்புவீர்களோ மாட்டீர்களோ, அந்தக் கறையில் என் முகம் தெரியும் எனக்கு.

எல்லார் வீட்டிலும் துப்புகிறவர் என்றால் மனசு ஆறியிருக்கும். என் நாத்தனார் டீ என்று ஒன்று போடுவாள், பாத்திரம் கழுவின தண்ணீர் தோற்றுப்போகும். அதைக் கடைசிச் சொட்டுவரை குடிப்பார். "தங்கச்சி மனசு கஷ்டப்படும்ல" என்பார். எனக்கும் மனசு என்று ஒன்று இருக்கிறது என்பது அவருக்குத் தோன்றவே இல்லை. நான் அதைச் சொல்லிக் காட்டவும் இல்லை. கேட்டு வாங்குகிற மரியாதை எனக்கு வேண்டாம்.

மகளுக்கு வரன் பார்த்து, சம்பந்தி வீட்டார் முதன்முதலாக வந்திருந்தார்கள். நான் அன்று போட்ட டீயைப் போல ஒரு டீ அதற்கு முன்னும் போட்டதில்லை, பின்னும் போட்டதில்லை. சம்பந்தியம்மா ஒரு வாய் குடித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தாள். என்னமோ நல்லதாகச் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் இவர் எழுந்து போய்த் துப்பினார். கூடத்தில் உட்கார்ந்திருந்த அத்தனை பேருக்கும் அந்தச் சத்தம் கேட்டது. திரும்பி வந்து, "தப்பா நினைச்சுக்காதீங்க. எங்க வீட்ல நாக்கு ஒருத்தருக்குத்தான்" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். என் மகளும் சிரித்தாள். சம்பந்தியம்மா கப்பைக் கீழே வைத்துவிட்டாள், அப்புறம் தொடவே இல்லை. பிஸ்கட் தட்டை எடுத்து நீட்டினேன்.

பிறகு ஊரையே படுக்கவைத்த அந்தக் காய்ச்சல் அவருக்கும் வந்தது. படுத்து எழுந்ததும் பழையபடி வேலைக்குப் போனார். ஒருநாள் கிராம்பு டப்பாவில் கைவிட்டால் வெறும் தூசிதான் இருந்தது. வாங்க மறந்துவிட்டேன். சரி, இன்றைக்குக் கிராம்பே இல்லாமல் போகட்டும் என்று போட்டுக் கொடுத்தேன். உறிஞ்சினார். எழுந்தார். துப்பினார். "கிராம்பு தூக்கலா இருக்கு" என்றார்.

மறுநாள் வெறும் டீத்தூள் மட்டும் போட்டேன். கிராம்பு தூக்கல். அடுத்த நாள் ஏலக்காயை அள்ளிப் போட்டேன். கிராம்பு தூக்கல். அதற்கடுத்த நாள் டீயே போடாமல், கொதித்த தண்ணீரில் சர்க்கரையைக் கருக்கி நிறம் சேர்த்துக் கொடுத்தேன். வாய்க்குள் சுற்றினார், கண்ணைச் சுருக்கினார், யோசித்தார். கிராம்பு தூக்கலாம். அடுப்படியில் வெங்காயம் அழுகி நாறியபோது அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து பேப்பர் படித்தார். அந்த மூக்கு செத்துப்போயிருந்தது, அதோடு நாக்கும். கம்பெனியில் இலையின் நிறத்தையும் பக்கத்தில் நிற்கிறவர்களின் முகத்தையும் பார்த்து ஒப்பேற்றிக்கொண்டிருந்திருக்கிறார்.

எனக்குப் பாவமாகத்தான் இருந்தது, பொய் சொல்ல மாட்டேன். அந்த மூக்கை வைத்துத்தானே நாங்கள் சாப்பிட்டோம். என்னிடம் சொல்வார் என்று காத்திருந்தேன். "இந்தா பாரு, எனக்கு ஒண்ணுமே தெரியல" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், நானே அவருக்கு மூக்காக இருந்திருப்பேன். கம்பெனிக்குப் போகிற ஒவ்வொரு மாதிரியையும் வீட்டுக்குக் கொண்டுவந்தால் முகர்ந்து சொல்லியிருப்பேன். அவர் சொல்லவில்லை. துப்பிக்கொண்டே இருந்தார். ருசி தெரிந்தவன் துப்பினால் பொறுத்துக்கொள்ளலாம். தெரியாதவன் என்ன தைரியத்தில் துப்புவான்? அப்போதுதான் எனக்கு உறைத்தது. மூக்கு நன்றாக இருந்த காலத்திலும் அவர் சொன்னது இதே வார்த்தைதான். அப்படியானால் அவர் என் டீயை ஒருநாளும் ருசித்ததே இல்லை. நான்தான் பைத்தியக்காரி மாதிரி கிராம்பை எண்ணிக்கொண்டு கிடந்திருக்கிறேன்.

கேஸ் அடுப்பு விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் ஸ்டேஷன் ஆட்களிடம் நான் கேஸ் டியூப் பழசு என்று சொன்னேன். அது பாதி உண்மை. கொஞ்ச நாள் முன்னால் நிஜமாகவே டியூபில் வெடிப்பு விழுந்து ஒழுகியது. வாடை வருகிறது என்று அவரைக் கூப்பிட்டேன். வந்து நின்று, நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, "ஒண்ணும் இல்ல. உன் மூக்குதான் கோளாறு" என்றார். எனக்குத் தெரியாத வாடை உனக்கு வருமா என்கிற மிதப்பு. நான் மெக்கானிக்கைக் கூப்பிட்டுப் புது டியூப் போட்டேன். அதை அந்த மெக்கானிக் உங்களிடம் சொல்லிவிட்டார், அதனால்தான் இன்றைக்கு வந்திருக்கிறீர்கள். புது டியூப் தானாக ஒழுகாது. சரியான கேள்விதான்.

சமையலறை போன அன்றைக்கு மகளும் சம்பந்தி வீட்டாரும் வருவதாக இருந்தது. காலையிலேயே இவர் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு, "இன்னிக்கு டீ நான் போடறேன். நீ அடுப்பு பக்கமே வராத. ஒரு டீ எப்படி இருக்கணும்னு அவங்களாவது தெரிஞ்சுக்கட்டும்" என்றார். பாத்திரத்தைத் துலக்கி வைத்தேன். பட்டை, கிராம்பு எல்லாவற்றையும் தட்டில் எடுத்து வைத்தேன். ஜன்னலைச் சாத்தினேன். தூறல் விழுந்தது என்று அன்று சொன்னேன், தூறல் இல்லை என்கிறீர்கள், இருக்கலாம். அடுப்பின் குமிழைத் திருப்பினேன். பற்ற வைக்கவில்லை.

ஆனால் நான் மறைக்கவில்லை சார், இதை எழுதிக்கொள்ளுங்கள். கொஞ்ச நேரம் பொறுத்து அவரைக் கூப்பிட்டேன்.

"ஏங்க, கேஸ் வாடை வருது. பாருங்க."

வந்தார். எனக்குத் தலை சுற்றியது, அவ்வளவு வாடை. அவர் கண்ணை மூடி, மூச்சை இழுத்து, தலையை ஒரு பக்கம் சாய்த்து, கம்பெனியில் செய்கிற அத்தனை பாவனையும் செய்தார்.

"கேஸும் இல்ல, ஒண்ணும் இல்ல. கிராம்பு வாசன. எத்தன தடவ சொல்றது, தூக்கலா போடாதன்னு."

"நல்லாப் பாத்துச் சொல்லுங்க."

"எனக்கா சொல்லித் தர்ற?"

எனக்குத் தெரியவில்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் குமிழை மூடி, ஜன்னலைத் திறந்து, அவர் காலில் விழுந்திருப்பேன். சத்தியமாக விழுந்திருப்பேன். அவர் சொல்லவில்லை. கிராம்பு வாங்கி வருகிறேன் என்று பையை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். தட்டில் கிராம்பு இருந்ததே என்று கேட்பீர்கள். இருந்தது, அவரும் பார்த்தார். எதற்கு இன்னும் கிராம்பு என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர் பாட்டுக்குத் தீப்பெட்டியைத் தேடிக்கொண்டிருந்தார். அது எங்கே இருக்கிறது என்று வாசலிலிருந்து நான்தான் சொன்னேன்.

தெருமுனைக்குப் போவதற்குள் சத்தம் கேட்டது. சம்பந்தி வீட்டார் எப்போதும் தாமதமாகத்தான் வருவார்கள், அந்தக் கணக்கு தப்பவில்லை. மகள் மட்டும் உதவிக்கென்று தெருவின் மறுபக்கமாக முன்னாடியே வந்துவிட்டாள். வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்திருக்கிறாள். அவளுக்கு ஒரு காது இனிமேல் கேட்காது என்கிறார்கள். அது ஒன்றுதான் எனக்கு வருத்தம். சொல்லாமல் கொள்ளாமல் சீக்கிரம் வந்தால் நான் என்ன செய்ய முடியும்?

இதையெல்லாம் நான் சொல்லாமலே இருந்திருக்கலாம் என்று நினைக்கிறீர்கள். உங்களிடம் இருப்பது ஒரு புது டியூபும் ஒரு சந்தேகமும்தான், அது எனக்குத் தெரியாதா? நேற்று நான் வெளியே போயிருந்தபோது நீங்கள் வந்து, உள் அறையில் படுக்கையோடு கிடக்கும் அவரைப் பார்த்ததாக வீட்டுக்கு வரும் நர்ஸ் சொன்னாள். பேச முடியாதவருக்கு அவள் ஒரு முறை பழக்கியிருக்கிறாள். ஆமாம் என்றால் கண்ணைத் திறந்து பார்க்க வேண்டும், இல்லை என்றால் இறுக மூட வேண்டும். உங்கள் மனைவியா இதைச் செய்தது என்று கேட்டீர்களாம். இறுக மூடினாராம். அப்படியானால் வாடை தெரியாத அளவுக்கு உங்கள் மூக்கில் கோளாறா என்று கேட்டதற்கும் மூடினாராம். நர்ஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எவ்வளவு பாசம்மா உங்க மேல" என்றாள்.

பாசமாவது மண்ணாவது. அவருக்கு மூக்கு போனது வெளியே தெரியக் கூடாது. அதற்காக நான் செய்ததையும் இல்லை என்று ஆக்கிவிட்டார். இத்தனை காலம் என் டீயைத் துப்பினார், இப்போது இதையும் துப்புகிறார். ஒரு வேலையை முதலிலிருந்து கடைசிவரை நானே யோசித்து, நானே செய்து முடித்தேன். அது என் வேலை, கைதவறி நடந்ததல்ல. குமிழைத் திருப்பியது நான். ஜன்னலைச் சாத்தியது நான். தெரிந்து செய்தேன். எங்கே வேண்டுமானாலும் கையெழுத்துப் போடுகிறேன்.

கொஞ்சம் இருங்கள், உங்களோடு கிளம்பும் முன் அவருக்கு ஒரு கப் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறேன். கரண்டி கரண்டியாகத்தான் இறங்கும். இப்போதெல்லாம் துப்புவதில்லை சார். கழுத்தைத் திருப்ப முடியாது, உதடும் ஒத்துழைக்காது, உள்ளே போனது உள்ளேதான். இன்று காலையில் ஒரு கப் முழுவதும் குடித்தார். கிராம்பு அளவாகப் போட்டிருந்தேன். துண்டால் வாயைத் துடைத்துவிட்டு, நல்லா இருக்கா என்று முதன்முதலாக அவரைக் கேட்டேன். ருசித்துக் குடிக்கிறவர்கள் மூடுவார்களே, அந்த மாதிரி கண்ணை இறுக மூடினார்.