பாதுகாப்புக்கு இன்னொன்று

அந்த ஒலிப்பதிவுக் கருவியைச் சன்னல் பக்கம் வைக்காதீர்கள், இன்ஸ்பெக்டர். கீழே டிராம் திரும்பும்போது தண்டவாளம் கிறீச்சிடும், நான் சொல்வதில் பாதி அதில் போய்விடும். இப்படி, சர்க்கரைக் கிண்ணத்துக்குப் பக்கத்தில் வையுங்கள். பிரிட்ஜை நான் முன்னாடியே அணைத்துவிட்டேன். காபியை முதலில் குடித்து முடியுங்கள். கரண்டிச் சத்தம் நடுவில் விழுந்தால் எனக்குப் பேச்சு ஓடாது.

என்னை யாரும் சந்தேகப்படவில்லை. நானேதான் உங்கள் நிலையத்துக்குப் போன் செய்தேன். சவேரியாவின் குரல் போன விஷயமாகப் பேச வேண்டும் என்றேன். எடுத்தவர், "எந்த சவேரியா, அம்மா? நம்ம நீலோ சவேரியாவா?" என்று கேட்டார். மிலானில் இப்போது போலீஸ் நிலையத்தில்கூட நீலோ என்றால் அவள்தான். நான் ஆமாம் என்று மட்டும் சொன்னேன்.

என் பெயர் நிவெஸ் கவாத்ஸி. ஜப்பானிலிருந்து வரும் கார்ட்டூன் தொடர்களுக்கு இத்தாலியக் குரல் கொடுப்பது என் தொழில். பெரும்பாலும் பையன் வேடங்கள். நிஜப் பையனை வைத்தால் தொடர் முடிவதற்குள் அவனுக்கு மீசை முளைத்துவிடும், குரல் உடைந்துவிடும். அதனால் தொலைக்காட்சியில் உலகத்தைக் காப்பாற்றுகிற பையன்கள் எல்லாரும் என்னைப் போன்ற பெண்கள்தான். நான் கொடுத்த குரல்களில் பெரியது நீலோ. மோரா என்ற திமிங்கிலத்தின் முதுகில் வீடு கட்டிக்கொண்டு, காணாமல் போன அப்பாவைக் கடல் கடலாகத் தேடுகிற பையன். அந்தத் தொடர் ஓடிய மாலைகளில் எங்கள் தெருவில் ஒரு பிள்ளைகூட விளையாடாது. தெருமுனை ரொட்டிக்கடை பினுச்சா என்னைப் பார்த்ததும், "நீலோ வந்தாச்சு! இந்தா, திமிங்கிலத்துக்கும் சேத்து எடுத்துட்டுப் போ" என்று மிக்கெத்தா ரொட்டியில் ஒன்றைக் கூடுதலாகப் போடுவாள். தொடர் முடிந்து வெகுகாலம் ஆன பிறகும் போட்டுக்கொண்டிருந்தாள்.

ஐம்பதைத் தாண்டியதும் என் குரல் ஒரு படி கீழே இறங்கியது. பெண்களுக்கு நடப்பதுதான். நான் அழவில்லை. மைக்குக்கு முன்னால் நின்றவள் ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம், இயக்குநர் நாற்காலிக்கு வந்து உட்கார்ந்தேன். டப்பிங் இயக்குநர் என்றால் யார் எப்படிப் பேச வேண்டும், எந்தக் காட்சியை எப்போது எடுக்க வேண்டும், எது சரி, எது இன்னொரு தடவை என்பதெல்லாம் அவர் வாயில் இருக்கிறது. அந்த வேலையை நான் நன்றாகச் செய்தேன். கேட்டுப் பாருங்கள்.

அப்புறம் ஜப்பானியர்கள் நீலோவைத் திரும்ப எடுத்தார்கள். புதுக் கதை, புது ஓவியம், அதே பையன். டப்பிங் எங்கள் ஸ்டூடியோவுக்கே வந்தது. குரல் தேர்வுக்கு நாலைந்து பேரைப் பதிவு செய்து, பெயர் போடாமல் எண் மட்டும் போட்டுச் சேனலுக்கு அனுப்பினோம். ஒன்றாம் எண் நான். சாயங்காலம் எல்லாரும் போன பிறகு, ஒலிப்பதிவாளர் எத்தோரேவை மட்டும் இருக்கச் சொல்லி, நீலோவாகப் பேசிப் பதிவு செய்தேன். ஆசைதான், வேறென்ன.

பதில் வந்தது. எத்தோரே அதை உரக்கப் படித்தார். "நாலாம் எண், சந்தேகமே இல்லை. ஒன்றாம் எண் இதமான குரல். கிழ ஆமை பாத்திரத்துக்குக் கேட்டுப் பாருங்கள்." படித்து முடித்ததும் அவருக்குத் திடீரென்று மேசைக்கு அடியில் ஏதோ வயரைச் சரிசெய்ய வேண்டியிருந்தது.

நாலாம் எண் சவேரியா. மிளகாய்க்குப் பேர்போன கலாப்ரியாக்காரி. தெற்கத்தி உச்சரிப்பைத் துடைத்து எடுத்துவிட்டு மிலானுக்கு வந்தவள். சைக்கிளில் வருவாள், வந்ததும் எல்லார் கன்னத்திலும் முத்தம் கொடுப்பாள். எத்தோரே அவளிடம், "மொளகாயத் தின்னுட்டு மைக் முன்னாடி நிக்காத, மைக்கு தும்முது" என்பார். அவள், "மிலான்காரங்க மைக் அப்படித்தான் தும்மும். எங்க ஊர் மைக்கா இருந்தா இன்னும் கொஞ்சம் கேக்கும்" என்பாள். நானும் சிரித்தேன். அவள் கெட்டவள் இல்லை. அவள் கெட்டவளாக இருந்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

முதல் நாளே என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள். "பாஸ், சின்ன வயசுல நான் வாஷ்பேசின் முன்னாடி நின்னுக்கிட்டு உங்கள மாதிரியே 'மோரா'ன்னு கத்துவேன். எங்கம்மா செருப்பத் தூக்கிட்டு ஓடி வருவாங்க. உங்ககிட்ட இருந்துதான் எல்லாத்தையும் எடுத்துக்கிட்டேன்."

எடுத்துக்கிட்டேன் என்ற சொல் அவளுடையது. நான் கண்டுபிடித்ததல்ல.

தொடர் ஒளிபரப்பாகி ஒரு மாதம் போயிருக்கும். ரொட்டிக்கடையில் பினுச்சா கேட்டாள். "நிவெஸ், ஒரு ஒத்தாச பண்ணணும். என் பேரனுக்கு நீலோ கையெழுத்து வேணுமாம்." நான் பையிலிருந்து பேனாவை எடுத்தேன். அவள் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. "ஐயோ, ஒன்னோடது இல்லடி. அந்தப் புதுப் பொண்ணோடது. ஒன்ன யாருன்னு அவனுக்கு எங்க தெரியும்?" நான் பேனாவை மூடிப் பைக்குள் போட்டேன். மறுநாள் சவேரியாவிடம் கையெழுத்து வாங்கி, பத்திரமாகக் கொண்டு போய்க் கொடுத்தேன். அன்று ரொட்டியை எண்ணித்தான் கொடுத்தாள். தூங்காமல் கிடந்தேன். பொறாமை என்று நீங்கள் எழுதிக்கொள்ளலாம், மறுக்க மாட்டேன். ஆனால் நான் செய்ததற்கு அது காரணம் இல்லை. காரணம் வேலை. அவளுடைய கத்தல் சரியில்லை, அவ்வளவுதான்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. கத்தல்களைக் கடைசியில்தான் எடுப்போம். பேச்சு, சிரிப்பு, மூச்சு வாங்குவது எல்லாவற்றையும் முடித்த பிறகு, கடைசி அரை மணியில் கத்தவிட்டு, வெந்நீர் கொடுத்து வீட்டுக்கு அனுப்புவோம். கத்திய தொண்டை அன்றைக்கு வேறு எதற்கும் ஆகாது. சட்டம் ஒன்றும் இல்லை. நடிகையின் தொண்டையை இயக்குநர் பார்த்துக்கொள்வார் என்ற நம்பிக்கை, அவ்வளவே.

நான் அதைத் திருப்பிப் போட்டேன். கத்தலை முதலில் எடுத்தால் பயம் புதிதாக இருக்கும் என்றேன். சவேரியா தலையாட்டினாள். நான் சொன்னால் அவளுக்கு வேதவாக்கு. கத்தி முடித்ததும், "பிரமாதம் தங்கம். பாதுகாப்புக்கு இன்னொண்ணு" என்பேன். இதுவும் எல்லா ஸ்டூடியோவிலும் சொல்கிற வார்த்தைதான். நன்றாக வந்ததில் ஏதாவது கோளாறு இருந்துவிட்டால் என்ன செய்வது என்று இன்னொன்று எடுத்து வைத்துக்கொள்வது. நான் அதற்கும் பாதுகாப்புக்கு இன்னொன்று எடுத்தேன். அதற்கும் இன்னொன்று. பிறகு அந்தத் தொண்டையை வைத்தே மிச்சப் பேச்சு முழுவதையும் பேசவைத்தேன். கத்து என்று நான் ஒருநாளும் அவளைத் திட்டியதில்லை. எப்போதும் கண்ணே, தங்கம்தான்.

இலை உதிர்கிற பருவத்தில் அவள் காலையிலேயே கரகரத்துக்கொண்டு வர ஆரம்பித்தாள். "டாக்டர் ரெண்டு வாரம் வாயே தொறக்கக் கூடாதுங்கிறார், பாஸ்."

"தாராளமா ரெஸ்ட் எடு, தங்கம். இந்தத் தொகுதி முடியட்டும். இப்ப நிறுத்தினா சேனல்காரங்க வேற ஆளப் பாத்துடுவாங்களேன்னுதான் எனக்குக் கவலை."

சேனலைக் கேட்டேனா என்றால், கேட்கவில்லை. கேட்டிருந்தால் இரண்டு வாரம் என்ன, இரண்டு மாதம் காத்திருப்பார்கள். அவளை அவ்வளவு பிடித்திருந்தது அவர்களுக்கு.

இனிச் சொல்வதைக் கவனமாகப் பதிவு செய்துகொள்ளுங்கள், இது எத்தோரேவுக்கே தெரியாது. நான் நீலோவாக இருந்த காலத்தில் என் தொண்டை டாக்டர் ஒன்று சொல்லியிருந்தார். கத்துகிற வாரத்தில் ஆஸ்பிரினைத் தொடக் கூடாது. குரல்நாணில் இருக்கிற ரத்தக்குழாய்கள் தலைமுடியைவிட மெல்லியவை. ஆஸ்பிரின் ரத்தத்தை உறையவிடாது. ஒன்று வெடித்தால் நிற்காது. தொழிலில் இருக்கிற எல்லாருக்கும் தெரிந்த விஷயம்தான். சவேரியாவுக்கும் தெரியும். திமிங்கிலம் சாகிற பகுதி வரப்போகிற வாரம் அவளுக்குத் தலைவலி. தினம் தலையைப் பிடித்துக்கொண்டு வந்தாள். நான் மாத்திரையை வீட்டிலேயே அட்டையிலிருந்து பிரித்து, சிறு டப்பாவில் போட்டுக்கொண்டு வந்தேன்.

"ஆஸ்பிரின் இல்லையே, பாஸ்?"

"ஒனக்குப் போய் அதக் குடுப்பேனா? பாராசிட்டமால்டி. முழுங்கு."

முழுங்கினாள். அந்த வாரம் முழுக்க காலையும் மாலையும் முழுங்கினாள். நன்றியும் சொன்னாள். அவள் அம்மாகூட அவளை இப்படிக் கவனித்ததில்லையாம்.

வெள்ளிக்கிழமை அந்தக் காட்சி. வேட்டைக்காரர்களின் ஈட்டி பட்டு மோரா கடலுக்கடியில் இறங்குகிறது. நீலோ மரப்பலகையைப் பிடித்துக்கொண்டு அதன் பேரைச் சொல்லிக் கத்துகிறான். வசனம் ஒரே ஒரு சொல். முதல் தடவையே நன்றாக இருந்தது. உண்மையைச் சொல்கிறேன், நான் கத்தியிருந்தால் அவ்வளவு நன்றாக வந்திருக்காது. அது எனக்குப் பிடிக்கவில்லை. நன்றாக மட்டும்தான் இருந்தது. கெட்டிக்காரி ஒருத்தி கத்துவதைப் போல இருந்தது. எதையும் பறிகொடுத்தவள் கத்துவதைப் போல இல்லை.

"பாதுகாப்புக்கு இன்னொண்ணு, தங்கம்."

அவள் இன்னொன்று கொடுத்தாள். எத்தோரே என் பக்கம் திரும்பினார். "நிவெஸ், மொதல்ல எடுத்ததே ஆணி அடிச்ச மாதிரி இருக்கு. விட்டுரு."

"பேசுற பொத்தானை நான் பாத்துக்கறேன். நீ மீட்டர் ஊசியப் பாரு" என்றேன்.

இன்னொன்று. இன்னொன்று. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் கழுத்தைத் தடவிக்கொண்டாள். தண்ணீர் குடித்தாள். "சரியா வரலியா, பாஸ்? எங்க தப்பு பண்றேன்னு சொல்லுங்களேன்" என்று கேட்டாள். தப்பே இல்லை, நெருங்கிவிட்டாய் என்றேன். எத்தோரே ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தார். "நான் வெளிய போய் சிகரெட் பிடிக்கப் போறேன். நீயும் வா." நான் போகவில்லை. அவரும் போகவில்லை. சம்பளம் வாங்குகிறவர், என்ன செய்வார்.

அடுத்ததில் அது வந்தது.

பாதிக் கத்தலில் குரல் கிழிந்தது. துணி கிழிகிற மாதிரிதான், வேறு உவமை தேட வேண்டாம். அதற்கப்புறம் காற்று மட்டும் வந்தது, அந்தக் காற்றுக்குள்ளும் மோரா என்ற பெயர் இருந்தது. எனக்கு மயிர் கூச்செறிந்தது. சவேரியா நிமிர்ந்து என்னைப் பார்த்து, சரியா என்று கட்டைவிரலைக் காட்டினாள். பிறகு ஏதோ சொன்னாள். உதடு அசைந்தது, ஒன்றும் கேட்கவில்லை. அவள் பக்கத்து மைக் அணைந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டு, சிரித்தபடி அதை விரலால் தட்டினாள். அந்தத் தட்டல் எங்களுக்குத் தெளிவாகக் கேட்டது.

நான் பொத்தானை அழுத்தி, "அற்புதம். இது போதும்" என்றேன்.

அறுவை சிகிச்சை நடந்தது. குரல்நாணில் தழும்பு தங்கிவிட்டது. இப்போது அவளுக்கு இருப்பது கதவுக் கீல் மாதிரி ஒரு முனகல், அதுவும் காலையில் கொஞ்ச நேரம். தன் மேல்தான் தப்பு என்று நினைக்கிறாள். குளிரில் சைக்கிள் ஓட்டியதாம், டாக்டர் சொன்னதைக் கேட்கவில்லையாம். என் வீட்டுக்கு வந்து, நீங்கள் உட்கார்ந்திருக்கிற இதே நாற்காலியில் உட்கார்ந்து, "மன்னிச்சிருங்க, பாஸ். உங்கள நடுக்கடல்ல விட்டுட்டேன்" என்று முனகினாள். நான் அவளுக்குத் தேன் விட்டுத் தேநீர் போட்டுக் கொடுத்தேன். இரக்கமாகத்தான் இருந்தது. மிச்சப் பகுதிகளுக்கு என் குரலையும் எண் போட்டு அனுப்பினேன். ஏற்கெனவே பேசிவரும் ஆமையையே தொடர்ந்து பேசுங்கள் என்றார்கள். நீலோவுக்கு இருபது வயதுப் பெண் ஒருத்தி வந்தாள். அவள் பெயரைக்கூட நான் மனத்தில் வைத்துக்கொள்ளவில்லை. அவளிடம் எனக்கு ஒரு சண்டையும் இல்லை.

கிழிந்த அந்தக் கத்தலைத்தான் நான் ஒளிபரப்பில் வைத்தேன். இத்தாலி முழுக்க அழுதது. பெரியவர்கள்கூட அழுதார்களாம். போன ஞாயிற்றுக்கிழமை காமிக்ஸ் விழாவில் சவேரியாவுக்கு அதற்காக விருது கொடுத்தார்கள். நான் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தேன். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது, நானும் எழுந்து தட்டினேன். மேடையில் இருந்தவர் சொன்னார். "இப்படி ஒரு கத்தல யாரும் சொல்லிக் குடுத்து வராது. இது கூடப் பொறந்தது." சவேரியா பேச முடியாமல் நெஞ்சில் கைவைத்துத் தலைகுனிந்தாள். ஆமாம் என்பது போல.

மூன்று நாள் பொறுத்துப் பார்த்தேன், இன்ஸ்பெக்டர். அதற்கு மேல் முடியவில்லை. மனசாட்சி உறுத்தி உங்களைக் கூப்பிட்டேன் என்று நினைத்துத்தான் வந்திருப்பீர்கள், பாதகமில்லை. வேண்டுமென்றேதான் செய்தேன். ஆஸ்பிரின் நான் கொடுத்தது. எத்தனை தடவை கத்தவைத்தேன் என்பதற்கு எத்தோரேவிடம் நாடா இருக்கிறது, முழுவதையும் கேளுங்கள். முதல் கத்தல்தான் அவளுடையது. கேட்டால் உங்களுக்கே தெரியும், வெறும் கெட்டிக்காரத்தனம். கடைசியில் வந்தது அவளுக்குக் கூடப் பிறந்ததல்ல. நான் மாதக்கணக்கில் உழைத்து அவளுக்குள்ளிருந்து எடுத்தது. தண்டனை எவ்வளவு வேண்டுமானாலும் கொடுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். விழாக்காரர்களுக்கு மட்டும் உங்கள் நிலையத்திலிருந்து ஒரு கடிதம் போக வேண்டும். விருதை அவள் எனக்குக் காட்ட எடுத்து வந்தபோது பார்த்தேன். பித்தளைத் தகட்டில் அவள் பெயருக்குக் கீழே இன்னொரு பெயருக்குத் தாராளமாக இடம் இருக்கிறது.